மறக்கப்பட்டார் என்றால், யாரால்?

லிண்டா மார்ட்டெல் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே சொல்லில்தான் தொடங்குகிறார்கள்: ‘மறக்கப்பட்ட’. மறக்கப்பட்ட பாடகி, மறக்கப்பட்ட ஆல்பம், மறக்கப்பட்ட முன்னோடி. 2024இல் பியான்சே தன் ‘கவ்பாய் கார்ட்டர்’ ஆல்பத்தில் இவருடைய குரலைச் சேர்த்துக்கொண்ட பிறகு இந்தச் சொல்லின் புழக்கம் இன்னும் கூடிவிட்டது.

இலக்கணம் கற்பிக்கிறவள் என்ற முறையில் எனக்கு இந்தச் சொல்லோடு ஒரு வழக்கு இருக்கிறது. அது செயப்பாட்டு வினை. அந்த வினையில் ஒரு பெரிய வசதி உண்டு. செய்தவரின் பெயரைச் சொல்லாமலே வாக்கியத்தை முடித்துவிடலாம். ‘பாடகி மறக்கப்பட்டார்.’ முற்றுப்புள்ளியும் வைத்தாயிற்று. யாரால் என்று எவரும் கேட்பதில்லை. நான் கேட்கிறேன்.

1941இல் அமெரிக்காவின் தெற்குக் கரோலினா மாநிலத்தில், லீஸ்வில் என்ற சிற்றூரில், தெல்மா பைனம் என்ற பெயரோடு பிறந்தவர் மார்ட்டெல். சொந்தக்காரப் பெண்களோடு குழு சேர்ந்து ரிதம் அண்ட் புளூஸ் பாடிக்கொண்டிருந்தார். ஒரு விமானப்படைத் தளத்தில் அவர் பாடிய கண்ட்ரி பாட்டைக் கேட்ட ஒருவர் வழியாக நாஷ்வில் நகரத்துக்குப் போனார். கண்ட்ரி இசைக்குத் தலைநகரம் அதுதான். 1969இல் அவருடைய ‘கலர் ஹிம் ஃபாதர்’ பில்போர்டு கண்ட்ரி பட்டியலில் 22ஆம் இடத்துக்கு வந்தது. அதே ஆண்டு ‘கிராண்ட் ஓல் ஆப்ரி’ மேடையில் தனியாகப் பாடிய முதல் கறுப்பினப் பெண் ஆனார். 1970இல் ‘கலர் மீ கண்ட்ரி’ ஆல்பம் வந்தது. அவர் வெளியிட்ட கண்ட்ரி ஆல்பம் அது ஒன்றுதான்.

ஏன் ஒன்றோடு நின்றது? இங்கிருந்துதான் செய்தவர்கள் வருகிறார்கள்.

ஆல்பத்தை வெளியிட்டது ஷெல்பி சிங்கிள்டன் என்ற தயாரிப்பாளர். அதற்கு அவர் பயன்படுத்திய இசைத்தட்டு நிறுவனத்தின் பெயர் ‘பிளான்டேஷன் ரெக்கார்ட்ஸ்’. பிளான்டேஷன் என்றால் தோட்டம். அமெரிக்கத் தெற்கில் அந்தச் சொல்லுக்குப் பருத்தி, சாட்டை, ஏலம் விடப்பட்ட மனிதர்கள் என்று பொருள். ஒரு கறுப்பினப் பெண்ணின் கண்ட்ரி இசைத்தட்டில் அந்தப் பெயரை அச்சடித்துக் கொடுத்தார்கள். அந்தப் பெயர் தனக்கு வலித்தது என்பதை மார்ட்டெலே பின்னாளில் சொன்னார்.

மேடையில் நின்றபோது கூட்டத்திலிருந்து நிறத்தைச் சொல்லி வசைபாடினார்கள். அவர் பாட்டை நிறுத்தவில்லை. இதே நிறுவனத்தில் ஜீனி சி. ரைலி என்ற வெள்ளைப் பாடகியும் இருந்தார். 1968இல் அவருடைய ‘ஹார்பர் வேலி பி.டி.ஏ.’ லட்சக்கணக்கில் விற்றிருந்தது. நிறுவனத்தின் கவனம் முழுவதும் அவர் பக்கம் போனதாக மார்ட்டெல் கூறியிருக்கிறார். வேறொரு நிறுவனத்தில் பாடப் போனபோது, வழக்குப் போடுவேன் என்று சிங்கிள்டன் மிரட்டியதாகவும் அதோடு நாஷ்வில்லின் கதவுகள் மூடிக்கொண்டதாகவும் சொல்லியிருக்கிறார். பிறகு எங்கெங்கோ பாடினார், இசைத்தட்டுக் கடை நடத்தினார், ஊருக்குத் திரும்பிப் பள்ளிப் பேருந்து ஓட்டினார்.

பெயர் வைத்தவர், வசைபாடியவர்கள், மிரட்டியவர், கதவடைத்தவர்கள். இத்தனை பேரையும் ‘மறக்கப்பட்ட’ என்ற ஒரு சொல்லுக்குள் ஒளித்துவைக்க முடிகிறது.

‘கண்ட்ரி என்றாலே வெள்ளையர் இசை, கேட்பவர்கள் ஏற்கவில்லை, சந்தை தீர்மானித்தது’ என்பார்கள். முதலில், அந்த இசையின் அடையாளமான பாஞ்சோ, அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களோடு கடல் கடந்து வந்த கருவி. இரண்டாவது, முதல் பாட்டே 22ஆம் இடத்தைப் பிடித்த பாடகியைச் சந்தை ஏற்கவில்லை என்று எந்தக் கணக்கில் சொல்கிறார்கள்? மார்ட்டெலின் அடுத்த பாட்டு ‘பிஃபோர் த நெக்ஸ்ட் டியர்டிராப் ஃபால்ஸ்’ 33ஆம் இடம்வரை வந்தது. அதே பாட்டை ஃப்ரெடி ஃபெண்டர் பாடி 1975இல் முதல் இடத்துக்குக் கொண்டுபோனார். ஃபெண்டரும் மெக்சிக வம்சாவளிக்காரர், வரப்பின் ஓரத்திலிருந்து வந்தவர்தான். அவர்மேல் எனக்கு வருத்தம் இல்லை. பாட்டில் குறையில்லை என்பதற்காகச் சொல்கிறேன்.

இன்னொரு வாதமும் உண்டு. கறுப்பினத்தவரான சார்லி பிரைட் அதே காலத்தில் கண்ட்ரியில் பெரும் நட்சத்திரமாக இருந்தாரே, பிறகு நிறம் எப்படித் தடையாகும்? ஜீனி ரைலி பெண்தானே, பெண் என்பது எப்படித் தடையாகும்?

இதே வாதம் ஒரு நீதிமன்றத்திலும் வென்றிருக்கிறது. கறுப்பினப் பெண்கள் ஐவர் ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனத்தின் மேல் தொடுத்த வழக்கில் 1976இல் தீர்ப்பு வந்தது. நிறுவனம் பெண்களை வேலைக்கு எடுத்திருக்கிறது. ஆகவே பெண் என்பதற்காகப் பாகுபாடு இல்லை. கறுப்பினத்தவரையும் எடுத்திருக்கிறது. இரண்டையும் சேர்த்துப் புதிதாக ஒரு புகாரைக் கொண்டுவர முடியாது என்றது நீதிமன்றம். அங்கே எடுக்கப்பட்ட பெண்கள் வெள்ளையர்கள்; எடுக்கப்பட்ட கறுப்பினத்தவர் ஆண்கள். இந்தத் தீர்ப்பை எடுத்துவைத்துத்தான் கிம்பர்லே கிரென்ஷா 1989இல் தன் புகழ்பெற்ற கட்டுரையை எழுதினார். மார்ட்டெலுக்கு நாஷ்வில் வழங்கிய தீர்ப்பும் இதுதான்.

‘முதல்’ என்ற பட்டத்துக்கும் வருகிறேன். எங்கள் துறையில் ஒரு மதிப்பெண் வினா எழுதும்போது நாங்கள் எல்லோரும் இந்தச் சொல்லில்தான் வசதியாக உட்கார்ந்துகொள்கிறோம். முதல் பெண் மருத்துவர் யார், முதல் பெண் நாவலாசிரியர் யார். ஒருநாள் வகுப்பில் மார்ட்டெலைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தேன். பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி எழுந்து, “ரெண்டாவது யாரு மேடம்?” என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. அந்த மதியமே தேடினேன்.

எழுபதுகளின் பிற்பாதியில் ரூபி ஃபால்ஸ் பட்டியலில் சில முறை வந்தார். 1987இல் டோனா மேசன் வந்தார். அடுத்து ஒரு கறுப்பினப் பெண்ணின் பெயர் கண்ட்ரி பட்டியலில் ஏறியது 2007இல், ரிஸ்ஸி பாமர் பாடியபோது. இருபது வருடம். முதல் இடத்துக்கு ஒரு கறுப்பினப் பெண் வந்தது 2024இல், அதுவும் ஏற்கெனவே உலகப் புகழ் பெற்றிருந்த பியான்சே. அதற்குப் பிறகும் அந்த ஆண்டின் கண்ட்ரி இசைச் சங்க விருதுகளில் அவருடைய ஆல்பத்துக்கு ஒரு பரிந்துரைகூடக் கிடைக்கவில்லை. ‘முதல்’ என்று நாம் பெருமையாகச் சொல்லும்போது, அவருக்குப் பின்னால் கதவைச் சாத்தியவர்களுக்கும் சேர்த்தே மாலை போடுகிறோம். ஆப்ரிக்கு இன்று அவர் பெயர் ஒரு பதக்கம். இரண்டாவது பெண்ணும் மூன்றாவது பெண்ணும் வர ஏன் இவ்வளவு காலமானது என்பதற்கு அந்தப் பதக்கத்தில் இடமில்லை.

பியான்சே செய்தது நல்ல காரியம்தான். அந்தப் பாட்டுக்காக மார்ட்டெலுக்கு 83 வயதில் முதல் கிராமி பரிந்துரை கிடைத்தது. ரிஸ்ஸி பாமர் 2020இல் தொடங்கிய தன் வானொலி நிகழ்ச்சிக்கே ‘கலர் மீ கண்ட்ரி’ என்று பெயர் வைத்தார். பெண்கள் பெண்களுக்குச் செய்த மரியாதை இது. மூடியவர்கள் வந்து திறக்கவில்லை.

என் மேலும் குற்றம் இருக்கிறது. என் முனைவர் பட்ட ஆய்வேட்டில் ‘மறக்கப்பட்ட பெண் கவிஞர்கள்’ என்று பல இடங்களில் எழுதியிருக்கிறேன். ஓரிடத்திலும் யாரால் என்று எழுதவில்லை. எழுதியிருந்தால் தொகுப்பாசிரியர்கள், பாடத்திட்டக் குழுவினர், பதிப்பாளர்கள் என்று பெயர்கள் வந்திருக்கும். சிலர் எனக்கு மதிப்பெண் போடும் இடத்தில் இருந்தார்கள். மீட்டெடுப்பது இனிப்பான வேலை, யாரும் கோபித்துக்கொள்வதில்லை. அதனால்தான் அதை விரும்பிச் செய்கிறோமோ என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது.

மாணவிகளிடம் நான் கேட்பது சிறிய காரியம். ஒதுக்கப்பட்டாள், புறக்கணிக்கப்பட்டாள், மறக்கப்பட்டாள் என்று எழுத நேரும்போதெல்லாம் பக்கத்தில் ‘யாரால்’ என்று எழுதுங்கள். விடையைக் கண்டுபிடித்து நிரப்பும்வரை அடுத்த வாக்கியத்துக்குப் போகாதீர்கள்.

பிறகு அந்த ஆல்பத்தைக் கேளுங்கள், இரங்கலுக்காக இல்லாமல் பாட்டுக்காக. ‘பேட் கேஸ் ஆஃப் த புளூஸ்’ பாட்டில் மார்ட்டெல் யோடல் செய்கிறார். தொண்டையின் அடியிலிருந்து குரல் சட்டென்று உச்சிக்குத் தாவி, தாவிய வேகத்திலேயே திரும்பி வருகிறது. வெள்ளையர்களுக்கே உரியது என்று சொல்லப்பட்ட வித்தை அது. அவர் அதைச் சிரமமே இல்லாமல் செய்கிறார்.