நம்ம ஊரு டீம் ஊர் மாறினால்? காரைக்குடி காளை, திருப்பூர் தமிழன்ஸ் ஆன கதை

2025 ஜூலை 6. திண்டுக்கல் மாவட்டம் நத்தத்தில் டிஎன்பிஎல் இறுதிப்போட்டி. நடப்பு சாம்பியன் திண்டுக்கல் டிராகன்ஸை 118 ரன் வித்தியாசத்தில் வீழ்த்தி, திருப்பூர் தமிழன்ஸ் முதல்முறையாகக் கோப்பையைத் தூக்கியது.

இந்த அணிக்கு முன்பு இருந்த பெயர், காரைக்குடி காளை.

மணமேல்குடியில் இருந்து அறந்தாங்கி வழியாகப் போனால் காரைக்குடி. கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், மீமிசல் பக்கம் டென்னிஸ் பால் கிரிக்கெட் ஆடும் பசங்களுக்கு, டிஎன்பிஎல்லில் ‘நம்ம ஏரியா டீம்’ என்று சொல்லிக்கொள்ள இருந்தது அதுதான். இன்று அந்தப் பெயரே இல்லை.

என்ன நடந்தது?

2016-ல் டிஎன்பிஎல் 8 அணிகளோடு தொடங்கியது. காரைக்குடி காளைக்கு பத்ரிநாத் கேப்டன். 2019 வரை அதே பெயரில் ஆடியது. கொரோனாவால் 2020 சீசன் நடக்கவில்லை. 2021-ல் களமிறங்கியபோது அது திருப்பூர் அணி.

காரைக்குடி மட்டும்தானா?

இல்லை. 2016-ன் காஞ்சி வாரியர்ஸ், 2017-ல் திருச்சி வாரியர்ஸ் ஆனது. திருவள்ளூர் வீரன்ஸ் 2018-ல் காஞ்சிக்குப் போய், 2021-ல் நெல்லை ராயல் கிங்ஸ் ஆனது. முதல் சீசனில் கோப்பை வென்ற தூத்துக்குடியின் டூட்டி பேட்ரியாட்ஸ், இப்போது சேலம் ஸ்பார்ட்டன்ஸ். 8 அணிகளில் சரிபாதி ஊர் மாறிவிட்டன.

எப்படி இவ்வளவு சுலபமாக?

அணியை நடத்தும் உரிமை உரிமையாளருடையது. ஊர் பெயர் ஜெர்சியில் இருக்கும் அடையாளம் மட்டுமே. வீரர்களும் அந்த ஊர்க்காரர்களாக இருக்க வேண்டியதில்லை. சேலம் மாவட்டம் சின்னப்பம்பட்டியின் நடராஜன் 2016-ல் ஆடியது திண்டுக்கல்லுக்கு. அங்கிருந்துதான் 2017-ல் 3 கோடி ரூபாய்க்கு ஐபிஎல் போனார். ஆக, அணி ஊர் மாறியதால் ஒரு மணமேல்குடி பையனின் வாய்ப்பு பறிபோனது என்று சொல்ல முடியாது.

அப்போ இழப்பு என்ன?

காரைக்குடி காளை, காரைக்குடியில் ஒரு டிஎன்பிஎல் மேட்ச்கூட ஆடவில்லை. சென்னை, நத்தம், திருநெல்வேலி என்றுதான் போட்டிகள் நடந்தன. அந்த ஊரில் அணிக்கென்று ஒரு பிட்ச்கூட இல்லாதபோது, கிளம்பிப் போக ஒரு பெயர் மாற்றம் போதுமானதாக இருந்தது. உண்மையான இழப்பு 2021-ல் நடக்கவில்லை, 2016-லேயே தொடங்கிவிட்டது.

2018-ல் காவிரிப் போராட்டத்தால் சிஎஸ்கேவின் ஹோம் மேட்ச்கள் புனேவுக்கு மாறியதை நினைத்துப் பாருங்கள். ரசிகர்கள் தனி ரயிலிலேயே புனேவுக்குக் கிளம்பிவிட்டார்கள். அந்தப் பாசம் சேப்பாக்கம் கேலரியில் வருஷக்கணக்கில் உட்கார்ந்து வந்தது. காரைக்குடிக்கு அந்த கேலரியே கிடைக்கவில்லை.

கனடாவில் ஒரு சின்ன ஊர் என்ன செய்தது?

அங்கே ஜூனியர் ஐஸ் ஹாக்கி, ஊர்த் திருவிழா மாதிரி. ஆடுபவர்கள் 20 வயது வரையிலான பையன்கள். சுமார் 20 ஆயிரம் பேர் வாழும் கிரான்புரூக்கில் ‘கூட்னி ஐஸ்’ அணி 1998 முதல் ஆடியது. 2002-ல் கனடாவின் ஜூனியர் சாம்பியனும் ஆனது. 2019-ல் அணி வின்னிபெக் என்ற பெருநகருக்குப் போனது. அங்கும் நிலைக்கவில்லை, 2023-ல் அமெரிக்காவின் வெனாச்சிக்கு மாறிவிட்டது.

ஆனால் கிரான்புரூக் சும்மா இருக்கவில்லை. பழைய அணியில் கோல்கீப்பராக ஆடிய நேதன் லியூவன் முன்னின்று, வேறொரு லீக்கில் ‘கிரான்புரூக் பக்ஸ்’ என்ற அணியைத் தொடங்கினார். அரங்கமும் இருந்தது, மேட்ச் பார்த்துப் பழகிய மக்களும் இருந்தார்கள். அணிதான் போனது, ஆட்டம் போகவில்லை.

இங்கே என்ன செய்யலாம்?

அணிகள் ஊர் மாறவே கூடாது என்று சொல்வது நடைமுறைக்கு ஒத்துவராது. ஸ்பான்சர், செலவு, உரிமையாளர் மாற்றம் எல்லாம் நிஜம். ஆனால் ஒரு ஊரின் பெயரை எடுத்துக்கொண்டால் அந்த ஊருக்கு ஏதாவது திருப்பித் தர வேண்டும் என்ற விதியைத் தமிழ்நாடு கிரிக்கெட் சங்கம் வைக்கலாம்.

பெருசா எதுவும் வேண்டாம். வருஷத்துக்கு ஒரு பயிற்சி முகாம், சுற்றுவட்டாரப் பசங்களுக்கு வீரர் தேர்வு, ஒரு நல்ல டர்ஃப் விக்கெட். காரைக்குடியில் 2016-ல் ஒரு டர்ஃப் விக்கெட் போட்டிருந்தால், காளை திருப்பூருக்குப் போன பிறகும் அது அங்கேயே இருந்திருக்கும். மணமேல்குடியில் இருந்து பஸ் ஏறும் பையன் இன்றைக்கும் அதில் பந்து போட்டுக்கொண்டிருப்பான்.