பெயர் ஒன்று, ஆள் வேறு

ஒரே ஒரு முனியாண்டி மட்டும் இருந்த தோட்டத்தை நாம் கண்டதில்லை. ராமசாமி, பெருமாள், மாரியாயி, லெட்சுமி என்ற பெயர்களும் அப்படித்தான். விடியற்காலைப் பெரட்டில் கிராணி பெயர் வாசித்தால் இரண்டு பக்கமிருந்தும் குரல் வரும். "எந்த முனியாண்டி? மேட்டு லயமா, பத்தாங்கட்டையா?" என்று அவர் கேட்பார். "நெட்டை முனியாண்டியைத்தான் கூப்பிடுகிறார்" என்று கூட்டத்தில் ஒருவர் சொல்வார். சிரிப்போடு காரியம் முடிந்துவிடும். தோட்டத்துக்குள் யார் எவர் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்ததால், பெயர் ஒன்றாக இருப்பதை நாம் ஒரு சங்கடமாகவே நினைத்ததில்லை.

ஆனால் 'நெட்டை' என்பதும் 'மேட்டு லயம்' என்பதும் எந்த அரசாங்க ஏட்டிலும் ஏறவில்லை. அந்த லயங்களும் இன்று பல இடங்களில் இல்லை. ரப்பர் மரங்கள் சாய்ந்து செம்பனை வந்தது. தோட்டங்கள் பல துண்டாடப்பட்டு விற்கப்பட்டன; சில இடங்களில் வீடமைப்புப் பகுதிகள் எழுந்துவிட்டன. அங்கே வாழ்ந்த நம் மக்கள் பட்டணத்து அடுக்கு வீடுகளுக்கும் புறம்போக்கு நிலங்களுக்கும் சிதறிப் போனார்கள். "இவர்தான் அவர்" என்று கைகாட்டிச் சொல்லத் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகக் கண்மூடி வருகிறார்கள். இனிக் காகிதம்தான் சாட்சி. அந்தக் காகிதத்தில் நம் பெயர் எப்படி இருக்கிறது என்பதைப் பற்றியே இன்று எழுதுகிறோம்.

ஒரு தாயை எண்ணிப் பாருங்கள். அவள் கணவர் முப்பது வருஷம் பால் வெட்டினார். இறந்துவிட்டார். சேமநிதியில் ஏதேனும் இருக்கும், எங்கேயோ வாங்கிய பங்கு ஒன்றும் இருக்கும் என்று அவர் சொன்ன ஞாபகம். மரணப் பத்திரத்தையும் மடித்து மடித்துக் கிழிந்த ஒரு பழைய புத்தகத்தையும் மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு அலுவலகத்துக்குப் போகிறாள். "அந்தப் பெயரில் இங்கே பல பேர் இருக்கிறார்கள். உங்கள் வீட்டுக்காரர் யார், அம்மா?" என்று கேட்கிறார் அலுவலர். அவளுக்கு அந்த மனிதரைத் தெரியும்; அவர் எண் தெரியாது. பழைய புத்தகத்தில் ஒரு எழுத்து. மரணப் பத்திரத்தில் வேறு எழுத்து. அவள் திரும்பி வருகிறாள்.

அலுவலரை மட்டும் குறை கூறிப் பயனில்லை. ஒரு முனியாண்டியின் உழைப்புப் பணத்தை வேறொரு முனியாண்டியின் குடும்பத்துக்குக் கொடுத்துவிட்டால் அதுவும் அநியாயம்தானே? சரியான ஆளைக் காட்டும் பொறுப்பு நம் பக்கத்திலும் இருக்கிறது. அதற்கு முதலில் குழப்பம் எப்படி வருகிறதென்று தெரிந்துகொள்ள வேண்டும்.

நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது. தன் பெயரோடு தகப்பன் பெயர் சேருகிறது. மலேசியாவில் நடுவே 'ஏ.எல்.', 'ஏ.பி.' என்ற எழுத்துகள் வருகின்றன. தகப்பன் பெயரும் சேர்ந்துவிட்டால் ஆள் தெளிவாகிவிடும் என்றுதான் எவரும் நினைப்பார். நம் வழக்கமோ மூத்த பேரனுக்குத் தாத்தா பெயரை வைப்பது. ராமசாமியின் மகன் முனியாண்டி. அந்த முனியாண்டிக்குப் பிறந்த மகனுக்குப் பாட்டன் பெயர், ராமசாமி. அவனுக்குப் பிறந்த பிள்ளைக்கு மறுபடியும் முனியாண்டி. இப்போது ஏட்டைத் திறந்து பாருங்கள்: தாத்தாவும் 'ராமசாமி மகன் முனியாண்டி', பேரனும் 'ராமசாமி மகன் முனியாண்டி'. ஒரே தோட்டம், ஒரே வீட்டு எண்ணாகக்கூட இருக்கலாம். பாட்டன் மேல் வைத்த பாசம், ஏட்டில் இருவரை ஒருவராக்கிவிடுகிறது.

இரண்டாவது குழப்பம் எழுத்து. நம் பெயரை நாம் தமிழில் சொன்னோம். எழுதியவர் ஆங்கில எழுத்தில் எழுதினார். தோட்டக் கிராணி ஒரு விதம், ஆஸ்பத்திரியில் ஒரு விதம், பதிவு அலுவலகத்தில் வேறொரு விதம். முனியாண்டியின் கடைசியில் ஒருவர் 'ஐ' போட்டார், மற்றொருவர் 'ஒய்' போட்டார். லெட்சுமிக்கு எத்தனை எழுத்துக்கூட்டல் உண்டென்று எண்ணினால் விரல்கள் போதா. செல்லப் பெயரைச் சொன்ன இடத்தில் செல்லப் பெயரே பதிவாயிற்று. வீட்டில் 'சின்னப்பொண்ணு', பத்திரத்தில் 'அஞ்சலை' என்று வாழ்ந்து முடித்த தாய்மார்கள் எத்தனை பேர்! இதனால் ஒரே ஆள் ஏட்டில் இரண்டு ஆளாகிவிடுகிறார். இரண்டு பேர் ஒருவராவதும் ஒருவர் இரண்டு பேராவதும் ஒரே நோயின் இரண்டு முகங்கள்.

மூன்றாவது, பிறந்த தேதி. "தீபாவளிக்கு முந்தின மாசம், மழை காலம்" என்று தாய் சொன்னாள். எழுதியவர் மனத்துக்குப் பட்ட ஒரு தேதியை எழுதினார். அடுத்த பத்திரத்தில் வேறு தேதி. ஆண்டு மட்டும் உள்ள பத்திரங்களும் உண்டு.

இவற்றுக்கெல்லாம் மருந்தாக வந்ததுதான் அடையாள எண். 1948-ல் அவசரகாலம் பிரகடனமான பின், மலாயாவில் பன்னிரண்டு வயதுக்கு மேற்பட்ட எல்லோரும் படமும் கைரேகையும் கொண்ட அடையாள அட்டை எடுக்க வேண்டியதாயிற்று. 1990-ல் பன்னிரண்டு இலக்க எண் வந்தது. 2001-ல் மைகார்டு வந்தது. அந்தப் பன்னிரண்டு இலக்கத்தை நம் தோழர்கள் படிக்கத் தெரிந்துகொள்ள வேண்டும். முதல் ஆறும் பிறந்த ஆண்டு, மாதம், நாள். அடுத்த இரண்டும் பிறந்த இடத்தின் குறி. கடைசி இலக்கம் ஒற்றைப்படையானால் ஆண், இரட்டைப்படையானால் பெண். தாத்தா முனியாண்டியையும் பேரன் முனியாண்டியையும் பிரித்துக் காட்ட முதல் இரண்டு இலக்கமே போதும். ஆனால் தாத்தாவின் பழைய தஸ்தாவேஜுகளில் இருப்பது பழைய எண். அந்தப் பழைய எண்ணையும் புது எண்ணையும் ஒரே தாளில் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்த குடும்பங்கள் எத்தனை? அந்த ஒரு வரி இல்லாததால்தான் பல காரியங்கள் தடைப்பட்டு நிற்கின்றன.

தேட வேண்டிய இடங்கள் எவை? பிறப்பு, இறப்பு, அடையாள அட்டை ஆகியவற்றுக்குத் தேசியப் பதிவு இலாகா. ஊழியர் சேமநிதி 1951-ல் சட்டமாயிற்று. அதன் கீழ்ச் சந்தா பிடிக்கப்பட்ட தொழிலாளிக்கு அங்கே கணக்கு உண்டு. துன் வீ. தி. சம்பந்தன் முன்னின்று 1960-ல் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தில் தோட்டத் தொழிலாளர்கள் வயிற்றைக் கட்டிப் பங்கு வாங்கினார்கள்; அன்று வாங்கியவர்களில் பலர் இன்று இல்லை, பங்கின் பாத்தியதை அவர்கள் வாரிசுகளுக்கு உண்டு. கோரப்படாத பணம் பற்றிய 1965-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றும் இருக்கிறது. நீண்ட நாள் கொடுபடாமல் நிற்கும் சம்பளம், ஏழாண்டுகள் தொடப்படாமல் கிடக்கும் வங்கிச் சேமிப்பு முதலியவை அந்தச் சட்டப்படி அரசாங்கத்தின் பதிவதிகாரியிடம் போய்ச் சேரும். உரியவர் அங்கே கேட்டுப் பெறலாம்.

இங்கெல்லாம் வெறும் பெயரோடு போகாதீர்கள். பெயர் கதவைத் தட்டும், திறக்காது. பெயரோடு தகப்பன் பெயர், தாய் பெயர், பிறந்த ஆண்டு, தோட்டத்தின் பெயர், பழைய எண், புது எண் ஆகியவற்றையும் கொண்டு போங்கள். தாய் பெயரைப் பலர் மறந்துவிடுகிறார்கள். தாத்தாவுக்கும் பேரனுக்கும் தகப்பன் பெயர் ஒன்றாக இருக்கலாம். தாய் பெயரும் ஒன்றாக இருப்பது அபூர்வம். பெயரைத் தேடும்போது ஓர் எழுத்துக்கூட்டலோடு நின்றுவிடாமல், எழுதக்கூடிய எல்லா விதத்திலும் தேடச் சொல்லுங்கள். தோட்டத்தின் பெயரையும் இரண்டு விதமாகச் சொல்லுங்கள். வெள்ளைக்காரக் கம்பெனி வைத்த பெயர் ஒன்று, நம் மக்கள் வழங்கிய பெயர் வேறொன்று. ஏட்டில் கிடைத்தது முதல் பெயரில்தான் இருக்கும்.

பத்திரமே இல்லாதவர்களுக்கும் வழி அடைந்துவிடவில்லை. தோட்டத் தமிழ்ப் பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டில் தகப்பன் பெயரும் பிறந்த தேதியும் இருக்கும். செக்ரோல் புத்தகம், தோட்ட ஆஸ்பத்திரி ஏடு, சங்கச் சந்தா ரசீது, கோயில் வரிப் புத்தகம் எல்லாமே துணைச் சாட்சிகள். 1982 மார்ச் 1-ஆம் தேதி புதிய திருமணச் சட்டம் அமலுக்கு வருவதற்கு முன், நம் சடங்குப்படி நடந்த கல்யாணங்கள் பலவற்றுக்கு அரசாங்கப் பத்திரம் கிடையாது. அந்த விதவைக்குத் தாலியும் ஒரு பழைய கல்யாணப் பத்திரிகையும்தான் சாட்சி. அந்தப் பத்திரிகையை அடுப்பெரிக்கப் போட்டுவிடாதீர்கள்.

இங்கே ஓர் எச்சரிக்கை. தேடும்போது நம் ஆள் அல்லாத வேறொருவரின் பதிவும் கைக்கு வரும். பெயர் பொருந்துகிறதே என்று அதை எடுத்துக்கொள்ளத் துணியக்கூடாது. சத்தியப் பிரமாணத்தில் பொய் எழுதுவது சட்டப்படி குற்றம். அதைவிட, அது இன்னொரு தொழிலாளியின் பிள்ளை வாயில் மண் போடுவது. குறைந்தது இரண்டு வெவ்வேறு அடையாளங்கள் ஒத்து வந்தாலொழிய "இவர்தான்" என்று கையெழுத்துப் போடாதீர்கள். செய்தித்தாளில் ஏதோ ஒரு வழக்கில் ஒரு பெயரைக் கண்டவுடனே "அட, நம்ம ஆறாவது லயத்துப் பையன்!" என்று வாயில் போட்டு மெல்லுகிறார்களே, அதுவும் இதே தவறுதான். அந்தப் பெயரில் நாடெங்கும் எத்தனை பையன்கள்! ஒரு பெயரைக் கொண்டு ஒருவனுக்குப் பணம் கொடுப்பது எப்படித் தவறோ, பழி கொடுப்பதும் அப்படியே.

எழுதி வைக்காததன் விலை என்ன என்பதை நம் சரித்திரமே சொல்லும். 1942, 1943-ல் ஜப்பானியர் சயாம் பர்மா ரயில் பாதை போட்டார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் மக்கள் ஆயிரக்கணக்கில் கொண்டு செல்லப்பட்டார்கள். காலராவிலும் பட்டினியிலும் அடியிலும் மாண்டார்கள். காஞ்சனபுரியின் போர்க் கல்லறைத் தோட்டத்துக்குப் போனால் ஏறக்குறைய ஏழாயிரம் போர்க்கைதிகளின் நினைவிடங்கள் வரிசையாக இருப்பதைக் காணலாம். பட்டாளத்துக்காரனுக்கு எண் இருந்தது, படைப்பிரிவு இருந்தது, பெயர் எழுதிய ஏடு இருந்தது. ஆகவே அவன் மகன் வந்து கல்லைத் தொட்டு அழ முடிகிறது. அதே பாதையில் செத்த நம் முனியாண்டிகளுக்கு அப்படி ஆளுக்கொரு கல் கிடையாது. யார் போனார், யார் திரும்பவில்லை என்பதை லயத்துக் கிழவிகள் மனத்தில் வைத்திருந்தார்கள். கிழவிகள் போனார்கள், கணக்கும் போயிற்று. அன்று யுத்தம், நம் கையில் ஒன்றும் இல்லை. இன்றும் நாம் அப்படியே இருந்தால் யாரைக் குற்றம் சொல்வது?

ஆகவே நமது வேண்டுகோள் இதுதான். ஒவ்வொரு வீட்டிலும் ஒரு பள்ளிக்கூட நோட்டுப் புத்தகம் வாங்குங்கள். விலை மிகச் சொற்பம். வீட்டில் உள்ளவர், இறந்தவர் ஒவ்வொருவருக்கும் ஒரு பக்கம். பத்திரத்தில் உள்ள பெயர், வீட்டில் கூப்பிடும் பெயர், தகப்பன், தாய், பிறந்த ஊர் அல்லது தோட்டம், பழைய எண், புது எண், சேமநிதி எண், வேலை செய்த தோட்டங்களும் ஆண்டுகளும். இவற்றை எழுதுங்கள். உயிரோடு இருப்பவர்கள் சேமநிதிக்கு நியமனம் செய்யாதிருந்தால் இந்த மாதமே போய்ச் செய்யுங்கள். பத்திரங்களில் எழுத்து மாறியிருந்தால், கேட்பதற்கு ஆள் உயிரோடு இருக்கும்போதே திருத்திக்கொள்ளுங்கள்.

கிளை நிர்வாகிகளுக்கும் வேலை இருக்கிறது. பழைய அங்கத்தினர் ஏடுகளைக் கரையான் தின்ன விடாதீர்கள். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, எழுதப் படிக்கத் தெரிந்த இளைஞர்கள் இரண்டு பேரை உட்கார வைத்து, வயதானவர்கள் சொல்லச் சொல்ல எழுதச் செய்யுங்கள். அலுவலகத்துக்குப் போகும் விதவையோடு ஒருவர் துணைக்குப் போங்கள். சம்பள உயர்வுக்கு நாம் கூடிப் போராடினோம். போராடி வாங்கிய சம்பளத்தில் மிச்சம் பிடித்தது உரியவர் கைக்குப் போய்ச் சேருகிறதா என்று பார்ப்பதும் சங்க வேலையே.

நம் பெற்றோர் நமக்கு வைத்த பெயரை மாற்றச் சொல்லவில்லை. முனியாண்டி என்று ஆயிரம் பேர் இருக்கட்டும். ஆயிரத்தில் நம் முனியாண்டி யார் என்று கேட்டால், பத்திரத்தைக் காட்டிப் பதில் சொல்ல அவர் மகனால் முடிய வேண்டும். அடுத்த ஞாயிறு அந்த நோட்டுப் புத்தகத்தைத் திறங்கள், தோழர்களே.