மாற்றல் உத்தரவும் கோர்ட்டும்

சர்க்கார் உத்தியோகம் என்றால் மாற்றலும் உண்டு. அதற்குச் சம்மதித்துத்தான் ஒருவர் வேலையில் சேருகிறார். ஆயினும், பிள்ளைகளுக்குப் பரீட்சை நெருங்கும் சமயத்தில், ஐந்நூறு கிலோமீட்டருக்கு அப்பால் போகச் சொல்லி ஒரு காகிதம் வந்தால், கோர்ட்டுக்குப் போகலாமா என்று கேட்கத் தோன்றுவது இயல்பே.

போகலாம். மத்திய சர்க்கார் ஊழியர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கும், தமிழ்நாட்டு அரசு ஊழியர் ஹைகோர்ட்டுக்கும் போக வழி இருக்கிறது. ஆனால், கோர்ட் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்று அறிந்துகொண்டு போவது நல்லது.

குடும்பக் கஷ்டம் மட்டும் போதாது. ஷில்லாங்கிலிருந்து பௌரிக்கு மாற்றப்பட்ட மத்திய சர்க்கார் ஊழியர் ஒருவர், தம் மனைவிக்கு ஷில்லாங்கில்தான் வேலை என்றார். தம்பதிகளைக் கூடியவரை ஓரிடத்தில் வைக்கவேண்டும் என்ற நெறிமுறையையும் எடுத்துக் காட்டினார். நெறிமுறை சட்டமாகாது என்று 1993-ல் சுப்ரீம் கோர்ட் கூறிவிட்டது.

கட்டாய விதி மீறப்பட்டதா, உத்தரவிட்டவருக்கு அதிகாரம் உண்டா, கெட்ட நோக்கம் இருந்ததா என்பவையே முக்கியமான கேள்விகள். இவற்றில் கெட்ட நோக்கத்தை நிரூபிப்பது மிகக் கடினம். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராயிருந்த ராயப்பாவே, தம்மை வேறு பதவிக்கு மாற்றியதை எதிர்த்து வழக்காடி, 1973-ல் தோற்றார். தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்கு விரோதம் என்ற பெரிய தத்துவம் அந்த வழக்கில் பிறந்தது; அவருக்கோ பழைய பதவி கிடைக்கவில்லை.

ஜெயித்தவரும் உண்டு. போபாலிலிருந்த ஓர் அதிகாரியை, மொட்டைக் கடிதம் ஒன்றின்பேரில், அதற்கு ஆதாரம் கிடைக்காதபோதும், ஷில்லாங்குக்கு அனுப்பினார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போடும் மாற்றல் உத்தரவு செல்லாது என்று 2008-ல் சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்தது.

ஒன்றை மறக்கக்கூடாது. மனுக் கொடுத்திருப்பதாகச் சொல்லிப் புதிய இடத்தில் சேராமல் இருப்பது ஆபத்து. சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்ட மின்வாரிய ஊழியர் அப்படிச் சேராமலிருந்து வேலையையே இழந்தார். அதை 1989-ல் சுப்ரீம் கோர்ட்டும் சரியென்றது. தடை உத்தரவு இல்லாவிட்டால், முதலில் போய்ச் சேர்ந்துவிட்டுப் பிறகு வழக்காடுவதே புத்தி.

எல்லா மாற்றலையும் கோர்ட் தடுத்தால், மலைக் கிராமத்துக்கு ஆசிரியரும் டாக்டரும் போய்ச் சேரமாட்டார்கள். ஆகையால் கோர்ட்டின் தயக்கத்தில் நியாயம் இருக்கிறது. அதனாலேயே சர்க்காரின் பொறுப்பு அதிகமாகிறது. உயர் அதிகாரிகளுக்கு ஒரு பதவியில் குறைந்தபட்சக் காலம் நிர்ணயிக்கும்படி 2013-ல் சுப்ரீம் கோர்ட் உத்தரவிட்டது. குமாஸ்தாவுக்கும் ஆசிரியருக்கும் அந்தப் பாதுகாப்பு வேண்டாமா? மாற்றலுக்குக் காரணத்தை எழுத்தில் வைத்து, பள்ளிக்கூடம் திறக்குமுன் உத்தரவைக் கொடுத்தால், பாதி வழக்குகள் கோர்ட்டுக்கே வரமாட்டா. சர்க்கார் இதைச் செய்ய எந்தத் தீர்ப்புக்கும் காத்திருக்க வேண்டியதில்லை.