கதை வசனத்துக்கும் காவல்துறை முத்திரையா?

நாடகம் போடுமுன் கதை வசனத்தை அதிகாரியிடம் கொடுத்து அனுமதி வாங்கு, மீறினால் சிறை! 1876இல் வெள்ளைக்காரன் போட்ட நாடகச் சட்டத்தின் வாரிசாக, 1954இல் இங்கேயும் ஒரு சட்டம் வந்தது. எம்.ஆர்.ராதாவைக் குறிவைத்தே வந்தது என்பது ஊரறிந்த சங்கதி.

அதைவிட வெட்கக்கேடு ஒன்றுண்டு. 1967இல் கோட்டைக்குள் போனவர்கள் நாடக மேடையில் வளர்ந்தவர்கள். அண்ணா, கலைஞர், பிறகு எம்.ஜி.ஆர்... ஒருவர்கூட அந்தச் சட்டத்தைக் கிழித்தெறியவில்லை! எதிர்க்கட்சி வரிசையில் கசக்கிற சட்டம் நாற்காலியில் அமர்ந்ததும் இனிக்கிறது. 'பரீக்ஷா' ஞாநி வழக்குப் போட்ட பிறகு, 2013 ஜனவரியில்தான் சென்னை உயர்நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகளைச் செல்லாது என்றது. 1876 சட்டம் ஒழிந்ததோ 2018இல்!

'கூத்தும் நாடகமும் நமக்கெதற்கு?' என்று துடியலூர் கடைவீதியில் கேட்போருண்டு. 1989 ஜனவரி 1 அன்று டெல்லியை அடுத்த ஜண்டாபூரில், தொழிலாளர்கள் முன் தெருநாடகம் நடத்திக்கொண்டிருந்த சஃப்தர் ஹாஷ்மி தாக்கப்பட்டார். மறுநாள் உயிர் பிரிந்தது, வயது 34. ராம் பகதூர் என்ற தொழிலாளியும் கொல்லப்பட்டார். ஜனவரி 4 அன்று, சஃப்தரின் மனைவி மலயஸ்ரீ அதே இடத்துக்குத் திரும்பி வந்து, குழுவினரோடு அந்த நாடகத்தை நடித்து முடித்தார். குற்றவாளிகளுக்குத் தண்டனை கிடைக்க 2003 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

கைது, வழக்கு, விசாரணைக் கைதி என்றால் என்னவென்று கோவையில் நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அதைப் பேச மேடையும் திரையும் வேண்டாம். ஒரு தெருமுனையும் நாலு இளைஞர்களும் போதும். ஒத்திகையைத் தொடங்குங்கள். அனுமதி மறுத்தால், மறுப்பை எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.