நிரப்ப மறுத்தால் நம்புங்கள்

வங்கியின் பெயரில் ஒரே ஓர் எழுத்து மாறிய போலித் தளம். அவசரத்தில் பார்க்கும் கண்ணுக்கு அது தப்பிவிடும். பிரவுசரில் இருக்கும் பாஸ்வேர்டு மேனேஜர் எக்ஸ்டென்ஷனுக்குத் தப்பாது. அது பக்கத்தின் தோற்றத்தைப் பார்ப்பதில்லை, முகவரியைத்தான் ஒப்பிடுகிறது. பொருந்தாவிட்டால் எதையும் நிரப்பாமல் சும்மா இருக்கும். பலரோ, ‘இது வேலை செய்யவில்லை’ என்று அலுத்துக்கொண்டு கடவுச்சொல்லைத் தாங்களே எடுத்து ஒட்டிவிடுகிறார்கள்!

எல்லாக் கடவுச்சொற்களையும் இப்படி ஒரே இடத்தில் வைக்கலாமா என்ற கேள்வி நியாயமானது. லாஸ்ட்பாஸ் என்ற பாஸ்வேர்டு மேனேஜர் நிறுவனத்தில் 2022இல் நடந்ததே சாட்சி. அதன் பொறியாளர் ஒருவரின் வீட்டுக் கணினியில் இருந்த மீடியா மென்பொருளின் ஓட்டை வழியே புகுந்தவர்கள், அவர் தட்டிய மாஸ்டர் பாஸ்வேர்டைப் பிடித்து, வாடிக்கையாளர்களின் கடவுச்சொல் பெட்டக நகல்களை அள்ளிச் சென்றனர். உள்ளே கடவுச்சொற்கள் குறியாக்கம் செய்யப்பட்டிருந்தன. இணைய முகவரிகள் அப்படி இல்லை. யார் எந்தத் தளங்களுக்குப் போகிறார் என்பது திருடர்களுக்குத் தெரிந்துபோனது.

ஆனாலும், ஒரே கடவுச்சொல்லைப் பத்துத் தளங்களில் போடுவதைவிட பாஸ்வேர்டு மேனேஜர் எவ்வளவோ மேல். ஓரிடத்தில் கசிந்ததை மற்ற தளங்களில் தானியங்கி நிரல்கள் வைத்து முயன்று பார்ப்பது திருடர்களின் அன்றாடத் தொழில்.

பெட்டகத்தைத் திறக்கும் மாஸ்டர் பாஸ்வேர்டு நீளமாக, வேறெங்கும் பயன்படுத்தாததாக இருக்கட்டும். இரண்டடுக்குச் சரிபார்ப்பும் வேண்டும். பக்கம் திறந்ததுமே தானாக நிரப்பும் வசதியை அணைத்துவிடலாம். கிளிக் செய்தபின் நிரப்பினால் போதும். பிரவுசிங் சென்டர் கணினியில் மட்டும் இந்த எக்ஸ்டென்ஷனை நிறுவவே கூடாது.