வியாதியின் பெயரை நோயாளி அறிய வேண்டும்

சென்ற மழைக்காலத்தில், எங்கள் எதிர்வீட்டு அம்மாள் ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் படுத்திருந்து வீடு திரும்பிய மறுநாள், டிஸ்சார்ஜ் சீட்டைக் கையில் எடுத்துக்கொண்டு எங்கள் திண்ணைக்கு வந்தார். வயது அறுபதை நெருங்குகிறது. பதினைந்து வருஷமாகச் சர்க்கரை வியாதிக்கு மாத்திரை சாப்பிட்டு வருகிறவர். தினசரிப் பத்திரிகையை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை ஒரு வரி விடாமல் வாசிக்கக்கூடியவர். ஆனால் நோயின் பெயரை எழுத வேண்டிய கட்டத்தில் ஆங்கில எழுத்தில் நீண்டு கிடந்த சொல் அவருடைய வாசிப்புக்கு அகப்படவில்லை.

“தம்பி, இதுல என்ன போட்டிருக்குன்னு படிச்சுச் சொல்லு. கிட்னியில ஏதோன்னு பையன் சொல்றான். கிட்னி போயிடுச்சா?” என்று கேட்டார்.

“அக்யூட் பைலோநெப்ரைட்டிஸ்” என்று வாசித்தேன். அவர் முகத்திலிருந்த கவலை கடுகளவும் குறையவில்லை. மேலும் விசாரித்தபோதுதான் விஷயம் விளங்கிற்று. அவருடைய ஒன்றுவிட்ட தமையனார் சிறுநீரகம் செயலிழந்து டயாலிசிஸ் செய்துகொண்டிருந்த காலத்தில், ஒரு நாளைக்கு இத்தனை டம்ளருக்கு மேல் தண்ணீர் கூடாது என்று வைத்தியர்கள் கட்டுப்பாடு விதித்திருந்தது அம்மாளுக்கு ஞாபகம் இருந்தது. ஆகவே கிட்னி என்ற சொல் காதில் விழுந்த கணத்திலிருந்து, தாகம் எடுத்தாலும் அடக்கிக்கொண்டு, மூன்றே டம்ளர் தண்ணீரில் நாளைக் கழித்து வந்தார். அது மட்டுமன்று, ஜுரம் விட்டுவிட்டதால் வியாதியும் விட்டுவிட்டது என்று கருதி, வயிற்றை எரிக்கிற மாத்திரையை அன்று காலை முதல் நிறுத்தியும் விட்டார்.

இரண்டு தவறுகளும் ஒரே மூலத்திலிருந்து பிறந்தவை. தமக்கு வந்த நோயின் பெயரில் பாதி அவருக்குத் தெரிந்திருந்தது; அந்தப் பாதி, வேறொரு நோயின் பத்தியத்தை அவர் தலையில் சுமத்திற்று. தெரியாத மற்றப் பாதியிலோ அவருக்கு வேண்டிய வைத்திய முறையே அடங்கியிருந்தது. நோயாளிக்கு மருந்து கொடுப்பது எவ்வளவு அவசியமோ, அந்த நோயின் பெயரையும் பெயரின் அர்த்தத்தையும் அவருடைய பாஷையில் கொடுப்பதும் அவ்வளவு அவசியம் என்பதே இக்கட்டுரையின் வாதம். அதற்கு இந்த ஒரு சொல்லையே சாட்சியாக எடுத்துக்கொள்கிறேன்.

பைலோநெப்ரைட்டிஸ் என்பது கிரேக்கத் துண்டுகள் மூன்றால் ஆன சொல். நெப்ரோஸ் என்றால் சிறுநீரகம். பைலோஸ் என்றால் தொட்டி. குளிக்கும் தொட்டிக்கும் பிராணிகளுக்குத் தீனி போடும் தொட்டிக்கும் கிரேக்கர் வழங்கிய பெயர் அது. ஐட்டிஸ் என்னும் விகுதி ஆதியில் ‘அதைச் சார்ந்த’ என்ற பொருளையே தந்து, நோய் என்ற சொல்லுக்கு அடைமொழியாக நின்று, காலக்கிரமத்தில் அழற்சி என்ற அர்த்தத்தில் நிலைபெற்றது. மூன்றையும் கூட்டினால், சிறுநீரகத்தின் தொட்டியிலும் சதையிலும் மூண்ட அழற்சி என்பது பொருளாகிறது.

சிறுநீரகத்துக்குள் தொட்டி எங்கிருந்து வந்தது என்று வியப்பவர்கள், இறைச்சிக் கடையில் குண்டிக்காய் என்று கேட்டு வாங்குகிற ஆட்டின் சிறுநீரகத்தை நெடுக்கில் இரண்டாகப் பிளந்து பார்க்கட்டும். வெளிப்புறம் கருஞ்சிவப்பான சதை. அதன் உட்புறத்தில் நிறம் மாறிய மற்றொரு சதை. நடுவிலோ வழுவழுப்பான வெண்சுவர் கொண்ட ஒரு பள்ளம். அந்தப் பள்ளத்தின் வாயிலிருந்து கீழ்நோக்கி இறங்கும் மெல்லிய வெள்ளைக் குழாய். மனித சரீரத்திலும் அமைப்பு ஏறக்குறைய இதுவே. ஏறத்தாழ 150 கிராம் எடையுள்ள ஒவ்வொரு சிறுநீரகத்திலும் சுமார் 10 லட்சம் நுண்வடிகட்டிகள் இருக்கின்றன. இரண்டு சிறுநீரகங்களும் சேர்ந்து நாளொன்றுக்கு 180 லிட்டர் அளவுக்கு இரத்தத்திலிருந்து நீரை வடித்து, அதில் பெரும்பகுதியை மீண்டும் இரத்தத்துக்கே சேர்த்துவிட்டு, எஞ்சிய ஒன்றரை லிட்டரைச் சிறுநீராக அந்தத் தொட்டியில் இறக்குகின்றன. தொட்டியிலிருந்து குழாய் வழியாக அது மூத்திரப்பைக்குச் செல்கிறது. லத்தீன் பாஷையில் இந்தத் தொட்டிக்குப் பெல்விஸ் என்று பெயர். அதற்கும் அகன்ற பாத்திரம் என்பதே அர்த்தம். இடுப்பெலும்புக் கூடும் பாத்திர வடிவமாக இருப்பதால் அதற்கும் அப்பெயர் வந்தது. மூலப்பொருளை அறியாதவன், அகராதியில் கண்ட இடுப்பு என்ற சொல்லைச் சிறுநீரகத்தோடு ஒட்டவைத்துச் சிறுநீரக இடுப்பு என்று பெயர்த்துவிடக்கூடும். தொட்டி என்று சொன்னாலோ, மாட்டுக்குக் கழுநீர் ஊற்றி வளர்ந்த எந்தக் குடியானவனுக்கும் அது கண்முன் வந்து நிற்கும்.

அழற்சி என்ற சொல்லையும் இங்கே சற்று நின்று கவனிப்பது தகும். சிவப்பு, வீக்கம், சூடு, வலி என்ற நான்கும் அழற்சியின் இலக்கணம் என்று ரோமாபுரியின் செல்சஸ் கி.பி. முதலாம் நூற்றாண்டிலேயே எழுதி வைத்தார். அந்நிலைக்கு லத்தீனில் வழங்கிய சொல் தீச்சுடர் என்னும் பொருளுடைய பதத்திலிருந்து பிறந்தது. நம்முடைய அழற்சியும் அழல் என்னும் நெருப்பிலிருந்தே பிறந்தது. ஆனால் நெருப்பு வேறு, நெருப்பு வைத்தவன் வேறு. அழற்சி என்பது சரீரத்தின் நிலை. தொற்று என்பது அதற்குரிய காரணங்களுள் ஒன்று. இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்புவதால் விளையும் கேட்டை, நெப்ரைட்டிஸ் என்ற சொல் நன்கு காட்டும். லண்டன் கைஸ் ஆஸ்பத்திரியின் ரிச்சர்டு பிரைட் 1827-இல் விவரித்து, வெகுகாலம் அவர் பெயராலேயே வழங்கிய வியாதியில், கிருமி எதுவும் சிறுநீரகத்துக்குள் குடியேறாமலே வடிகட்டிகள் அழற்சியுற்று, உடல் வீங்கி, சிறுநீரில் புரதம் ஒழுகும். பைலோநெப்ரைட்டிஸிலோ கிருமி நேரே உள்ளே புகுந்து தங்குகிறது. முன்னதில் தண்ணீரையும் உப்பையும் குறைக்க நேரிடும். பின்னதில் கிருமியைக் கொல்லும் மருந்தும், வேறு தடை இல்லாதவருக்குப் போதிய தண்ணீரும் வேண்டும். இவ்விரண்டுக்கும் சிறுநீரக அழற்சி என்று ஒரே பெயரிட்டு அழைத்தால், இரண்டு வைத்தியங்களும் ஒன்றோடொன்று மோதிக்கொள்ளும். எதிர்வீட்டு அம்மாளின் மூன்று டம்ளர் தண்ணீர் அப்படிப்பட்ட மோதலின் பயனே.

இந்த வேறுபாடுகளை வைத்திய சாஸ்திரம் ஒரே நாளில் கண்டறிந்துவிடவில்லை. பாரிஸ் நகரத்து வைத்தியர் பியேர் ராயே, 1839 முதல் 1841 வரை வெளியிட்ட சிறுநீரக வியாதிகளைப் பற்றிய பெருநூலில், சதையில் எழும் அழற்சியையும், தொட்டியில் எழும் அழற்சியையும், சுற்றியுள்ள கொழுப்பில் எழும் அழற்சியையும் தனித்தனியே வகுத்துக் காட்டினார். கிருமி என்ற கொள்கையே வேரூன்றாத காலம் அது. 1885-இல் தியோடர் எஷரிக், குழந்தைகளின் மலத்திலிருந்து ஒரு கிருமியைப் பிரித்தெடுத்து விவரித்தார். நம் குடலில் சாதுவாக வாழும் அந்தக் கிருமியே, பாதை தப்பி மூத்திரத் துவாரத்தை அடைந்து மேலேறும்போது, இந்நோய்க்கு முதன்மையான காரணமாகிறது என்பது பின்னர் தெளிவாயிற்று. பெண்களுக்கு மூத்திரத் துவாரத்திலிருந்து மூத்திரப்பைக்குச் செல்லும் வழி நான்கு சென்டிமீட்டர் அளவே நீளமுள்ளதாகையால் அவர்களுக்கு இது அதிகம் வருகிறது. கர்ப்பகாலத்தில் குழாய்கள் தளர்ந்து விரிவதாலும், வளரும் கர்ப்பப்பை அவற்றை அழுத்துவதாலும் சிறுநீர் தேங்கி, கிருமி மேலேறுவதற்கு வழி எளிதாகிறது. கர்ப்பிணிகளுக்கு எரிச்சலோ ஜுரமோ இல்லாதபோதும் சிறுநீரைச் சோதித்துப் பார்ப்பது இதற்காகவே. அச்சோதனையை வீண் செலவு என்று தட்டிக்கழிக்கும் குடும்பங்கள் இந்த ஒரு காரணத்தை அறிந்தால் தட்டிக்கழிக்க மாட்டா.

நம் வீடுகளில் இவ்வகைத் தொந்தரவுகளுக்கெல்லாம் வழங்கும் பெயர் சூடு என்பதே. நீர்க்கடுப்பு, நீர்ச்சுருக்கு, சூடு பிடித்துக்கொண்டது என்று சொல்லி, இளநீரும் மோரும் குடித்து இரண்டு நாள் பார்ப்பது பரம்பரை வழக்கம். அந்தச் சொற்களை நான் குறைவாக மதிக்கவில்லை; எரிச்சலை எரிச்சல் என்று உணர்ந்தவர்கள் வைத்த பெயர்கள் அவை. ஆனால் அவை மூத்திரப்பையின் கடுப்பையும் சிறுநீரகத் தொட்டியின் அழற்சியையும் பிரித்துக் காட்டுவதில்லை. பையோடு நிற்கும் தொற்றில் அடிவயிற்று வலியும், அடிக்கடி சொட்டுச் சொட்டாகக் கழியும் நீரும், எரிச்சலும் இருக்கும். பெரும்பாலும் ஜுரம் இராது. தொற்று தொட்டிக்கு ஏறிவிட்டாலோ, போர்வைக்குள் கிடந்தும் பல் கிட்டுகிற குளிர்ஜுரமும், விலாவுக்குக் கீழே முதுகின் ஒரு பக்கத்தில் தொட்டால் துடிக்கிற வலியும், குமட்டலும் வாந்தியும் காணும். முதியோர்களுக்கு இவற்றுள் எதுவும் தெளிவாகத் தோன்றாமல், திடீரென்று புத்தி தடுமாறிப் பேச்சுக் குழறுவதே அறிகுறியாக அமைவதும் உண்டு. சர்க்கரை வியாதிக்காரர்களுக்கு அபாயம் இன்னும் அதிகம். பையோடு நிற்கும் தொற்றுக்குச் சில நாள் மருந்தே போதுமானதாக இருக்கலாம். தொட்டிக்கு ஏறிய தொற்றுக்கு ஒரு வாரம் முதல் இரண்டு வாரம் வரை வேண்டும். நோய் இருக்கிற இடத்தைப் பெயர் சொல்லிவிட்டால், மருந்து உண்ண வேண்டிய நாட்களையும் அது சொல்லிவிட்டதாக ஆகிறது.

ஜுரம் விட்டவுடன் மாத்திரையை நிறுத்துவதன் தீங்கும் இங்கேதான் விளங்கும். ஜுரம் தணிவது அழல் அடங்கத் தொடங்கியதற்கு அடையாளமே தவிர, கிருமி அற்றுப்போனதற்கு அத்தாட்சி அன்று. அரைகுறையாகத் தாக்கப்பட்ட கிருமி மீண்டும் தலைதூக்கும். மறுமுறை அதே மருந்துக்கு அது அஞ்சாமலும் இருக்கக்கூடும். மருந்தின் முதல் வேளைக்கு முன்பே சிறுநீரை யூரின் கல்ச்சருக்கு அனுப்பி, எந்தக் கிருமி, எந்த மருந்துக்கு அடங்கும் என்று இரண்டு மூன்று நாளில் அறிந்துகொள்ளும் முறை பல ஊர்களில் எட்டுகிற தூரத்துக்கு வந்துவிட்டது. மருந்துக் கடையில் பழைய சீட்டைக் காட்டி மாத்திரை வாங்குகிறவர் அந்த வாய்ப்பைத் தாமே கெடுத்துக்கொள்கிறார்.

சீட்டிலிருந்த மற்றொரு சொல்லும் இதே விதமாகப் பயமுறுத்துகிறது. அக்யூட் என்பதைக் கடுமையான என்று பெயர்ப்பது நம்மிடையே வழக்கமாகிவிட்டது. வைத்திய பரிபாஷையில் அது காலத்தைக் குறிக்கும் சொல். திடீரென்று தோன்றியது என்பதே அங்கு அதன் பொருள். அதற்கு எதிரானது நாட்பட்டது. பலமுறை தொற்று வந்து, தழும்பு விழுந்து, சிறுநீரகம் சுருங்கும் நிலை. ‘கடுமையான சிறுநீரக பாதிப்பு’ என்று கேட்கிற குடும்பம் நிலபுலனை விற்க ஆயத்தமாகும். ‘புதிதாக வந்த தொற்று, முழுக்க மருந்து சாப்பிட்டால் குணமாகும்’ என்று கேட்கிற குடும்பம் மாத்திரையை எண்ணி வைத்துக் கொடுக்கும். பத்திரிகைகளில் எழுதுகிற நாங்களும் சிறுநீரகத்தில் எது நேர்ந்தாலும் ‘சிறுநீரக பாதிப்பு’ என்று ஒரே தொடரால் முடித்துவிடுகிறோம்; அதைத் திருத்திக்கொள்ளும் கடமை எங்களுக்கும் இருக்கிறது.

இச்சொற்களைத் தமிழில் சொல்ல முடியாது என்பவர்களுக்குச் சரித்திரமே விடை கூறுகிறது. 1847-இல் யாழ்ப்பாணத்துக்கு வந்து மானிப்பாயில் வைத்தியம் செய்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன், தமிழ் மாணாக்கர்களுக்குத் தமிழிலேயே மேனாட்டு வைத்தியத்தைக் கற்பித்ததோடு, இரண வைத்தியம், மனுஷ அங்காதிபாதம் முதலிய நூல்களையும் தமிழில் வெளியிட்டார். அந்நிய தேசத்தார் ஒருவர் ஒரு நூற்றாண்டுக்கும் மேலான காலத்துக்கு முன்பே பாடநூல் முழுவதையும் தமிழில் தரத் துணிந்திருக்க, நாம் ஒரே ஒரு வரியை நோயாளியின் சீட்டில் தமிழில் எழுதத் தயங்குவது நியாயமாகாது.

கிரேக்கப் பெயரைத் துரத்திவிட்டுத் தனித்தமிழ்ப் பெயர் ஒன்றை அதன் இடத்தில் வைக்க வேண்டும் என்பதல்ல என் அபிப்பிராயம். ஊர் மாறி வைத்தியர் மாறினாலும் நோய் இன்னதென்று பிசகின்றி அறிவதற்கு அந்தப் பெயர் வேண்டும். அது இருக்கட்டும், ஆனால் தமிழ் எழுத்திலும் இருக்கட்டும். அதன் கீழே நோய் எந்த இடத்தில், எதனால், மருந்து எத்தனை நாள், தண்ணீர் எவ்வளவு என்ற நான்கும் ஒரே வரியில் எழுதப்படட்டும். வீட்டுக்கு அனுப்பும் நர்ஸம்மாவோ மருந்து கொடுப்பவரோ அதை ஒருமுறை வாய்விட்டு வாசித்துக் காட்டட்டும். நூறு பேர் வரிசையில் நிற்கையில் வைத்தியர்களுக்கு இதற்கெல்லாம் நேரம் ஏது என்ற ஆட்சேபம் உண்மையானதே. ஆயினும் அடிக்கடி வருகிற ஐம்பது நோய்களுக்கு இத்தகைய வரிகளை முன்னதாகவே அச்சிட்டு வைத்துக்கொள்வது அரசாங்கத்துக்கோ ஆஸ்பத்திரி நிர்வாகத்துக்கோ அரிய காரியமன்று. நோயாளி பயந்துவிடுவார் என்பது மற்றோர் ஆட்சேபம். நான் கண்டவரையில் முழுப் பெயரும் பொருளும் அறிந்து பயந்தவரைவிட, பாதிப் பெயரைக் கேட்டுப் பயந்தவர்களே மிகுதி.

அன்று மாலை எதிர்வீட்டு அம்மாளிடம், “அக்கா, உங்கள் கிட்னி எங்கும் போகவில்லை, அதற்குள் இருக்கிற தொட்டியில் கிருமி ஏறிப் புண்ணாகியிருக்கிறது, பத்து நாள் மாத்திரையில் இன்னும் ஐந்து நாள் பாக்கி” என்று சொன்னேன். தண்ணீர் விஷயத்தைப் போனில் வைத்தியரிடமே கேட்டு உறுதிசெய்துகொண்டோம். மறுநாள் அவர் வீட்டுக்குப் போயிருந்தபோது, மாத்திரை டப்பாவின் அடியில் மடித்து வைத்திருந்த அந்தச் சீட்டைக் கண்டேன். ஆங்கிலச் சொல்லுக்குக் கீழே, ஐந்தாம் வகுப்புப் படிக்கிற பேரன் பென்சிலால் எழுதியிருந்தான்: தொட்டியில் புண். பத்து நாள் மாத்திரை. தண்ணீர் நிறைய. பக்கத்தில் ஐந்து கட்டங்கள் போட்டு, அவற்றில் இரண்டில் பாட்டி கையாலேயே குறியிட்டிருந்தார்.