பரல் யாது எனக் கேட்டிருந்தால்

கோவலன் கண்ணகி கதையைத் தமிழ்த் திரையுலகம் 1942இல் ‘கண்ணகி’ எனவும் 1964இல் ‘பூம்புகார்’ எனவும் படமாக்கியது. அக்கதை என்றவுடன் நம் நினைவில் எழுவது, பாண்டியன் அவையில் சிலம்பேந்தி நின்ற கண்ணகியின் சீற்றமே. இன்று அதனைப் பெங்களூருவைக் களமாகக் கொண்டு குறும்படமாக எடுப்பதாயின், அவைக் காட்சியைவிட, அதற்கு முன் எவரும் கேட்காமல் விட்ட ஒரு கேள்வியே அதன் மையமாதல் வேண்டும் என்பது நம் கருத்து.

கதை இந்நகருக்குப் புதிதன்று. செல்வத்தை இழந்த கோவலன், மனைவியின் சிலம்பை முதலாகக் கொண்டு மீண்டும் வணிகம் செய்ய எண்ணி, முன்பின் அறியாத மதுரைக்கு அவளுடன் நடந்தே சென்றான். மனைவியின் நகையையே முதலாக நம்பி, மெஜஸ்டிக் பேருந்து நிலையத்தில் அதிகாலையில் வந்திறங்கும் இளந்தம்பதியர் இன்றும் உண்டு. ஆதலின் சிலம்பு வளையலாகலாம். மாதரி அளித்த அடைக்கலம் அல்சூரில் ஓர் ஒற்றையறை வாடகை வீடாகலாம்.

மாற்றலாகாதது ஒன்று உண்டு. அரசியின் சிலம்பைக் களவாடிய பொற்கொல்லனே கோவலனைக் கள்வன் என்றான். மன்னன் ஆராயாது ஆணையிட்டான். அரசியின் சிலம்பில் இருந்தவை முத்துப் பரல்கள்; கண்ணகியின் சிலம்பில் இருந்தவை மாணிக்கப் பரல்கள். பரல் யாது எனக் கொலைக்கு முன்னர் ஒருவர் கேட்டிருந்தால், அவ்விருவரும் வாழ்ந்திருப்பர். உண்மை தெரிந்தபோது கண்ணகி தனித்திருந்தாள்.

இது பழங்கதை மட்டுமன்று. 2018 மே மாதத்தில், பிழைப்புக்காக ராஜஸ்தானிலிருந்து பெங்களூரு வந்த இளைஞர் ஒருவர், குழந்தை கடத்துபவர் என்ற ஐயத்தால் சாமராஜப்பேட்டையில் ஒரு கும்பலால் தாக்கப்பட்டு உயிரிழந்தார். அந்நாளில் வாட்ஸ்அப் வழியே பரவிய வதந்தியே அந்த ஐயத்தை விதைத்தது. இன்றைய பொற்கொல்லனின் குரல் நம் கைப்பேசியில் ஒலிக்கிறது. தீர்ப்பளிக்கும் மன்னர்களாக நாமே இருக்கிறோம்.

அடகுக்கு வரும் நகையை வங்கியில் எடை போட்டு, உரைத்துப் பார்த்த பின்னரே மதிப்பிடுகின்றனர். பொன்னுக்குக் காட்டும் அப்பொறுமை மனிதருக்கும் உரியதே.

குறும்படத்தின் முடிவை இனிமையாக்க வேண்டியதில்லை. நகர் எரியும் காட்சியும் தேவையில்லை. வாடகை அறையில் ஒற்றை வளையலுடன் ஒரு பெண் காத்திருப்பதைக் காட்டினால் போதும். அதைக் கண்டவர், அடுத்து வரும் அவதூற்றைப் பிறருக்கு அனுப்புமுன் ஒரு கணம் தயங்குவாராயின், அப்படம் தன் கடமையைச் செய்ததாகக் கொள்ளலாம்.